கால் இஞ்ச்

ஜாக்கெட் தைத்துப் பழகிய கை, துணியை உள்ளே விட்டுத்தான் தைக்கும். பக்கத்துக்கு ஒரு இஞ்சாவது இருப்பு இல்லாவிட்டால், அடுத்த பொங்கலுக்கு "அக்கா, கொஞ்சம் பிரிச்சு விடுங்க" என்று வந்து நிற்பவளுக்கு என்ன பதில் சொல்வது? பண்ருட்டியிலிருந்து வடலூர் போகும் சாலையில், காடாம்புலியூரில் மெஷின் போட்டு உட்கார்ந்திருக்கும் எனக்கு இது பாடம் அல்ல, பிழைப்பு. லோயர், ஹையர் என்று இரண்டு தையல் பரீட்சை பாஸ் செய்தபோது கற்றுக்கொடுத்ததும் இதைத்தான். உடம்பு மாறும், துணி உள்ளே காத்திருக்கும்.

துண்டுத்துணிகளைச் சேர்த்துத் தைக்கும் ஒட்டுப்போர்வைக்கு இந்தப் பழக்கம் ஆகாது. அங்கே எல்லா மூட்டுக்கும் கால் இஞ்ச்தான். அதற்குக் கூடவும் கூடாது, குறையவும் கூடாது. நூல் என்றால் இஞ்சில் எட்டில் ஒரு பங்கு. கால் இஞ்சில் அரை நூல் கூடினால், ஒரு மூட்டில் இரண்டு பக்கமும் சேர்த்து ஒரு நூல் போய்விடும். மூன்றுக்கு மூன்றாகச் சேர்த்த ஒன்பது துண்டுக் கட்டங்களை வரிசையாக ஒன்பது வைத்தால் குறுக்கே 27 துண்டுகள், 26 மூட்டுகள். மூட்டுக்கு ஒரு நூல் வீதம் மூணேகால் இஞ்ச் காணாமல் போகும். எல்லா வரிசையிலும் ஒரே அளவு போனாலும் பரவாயில்லை. ஒரு வரிசை மூன்று இஞ்சும் அடுத்த வரிசை ஒரு இஞ்சும் இழந்திருக்கும். இரண்டையும் சேர்க்கும்போது மூலைகள் ஒன்றையொன்று பார்க்காமல் திரும்பிக்கொள்ளும். இழுத்துப் பிடித்துத் தைத்தால் போர்வை நடுவில் கிண்ணம் போல எழும்பும். எத்தனை தேய்த்தாலும் படியாது.

இந்த வேலை எனக்கு வந்தது எங்கள் ஊரில் குடியிருக்கும் ஓய்வுபெற்ற டீச்சர் ஒருவரால். அவருடைய பெண் அமெரிக்காவில் இருக்கிறாள். பேத்தி அங்கே பள்ளியில் லாரா இங்கல்ஸ் வைல்டர் எழுதிய புத்தகங்களைப் படித்துவிட்டு, அதில் வரும் போர்வை தனக்கும் வேண்டும் என்று கேட்டிருக்கிறாள். டீச்சர் புத்தகத்தோடு கடைக்கு வந்தார். "ஏம்மா, கடையில வாங்கினா ஆயா குடுத்ததா ஆகுமா? நீ தச்சுக் குடு" என்றார். 1953-ல் வந்த பதிப்புக்கு கார்த் வில்லியம்ஸ் வரைந்த பென்சில் படங்கள் அந்தப் புத்தகத்தில் இருந்தன. படத்தைப் பார்த்துத் தைக்கமுடியாது, அவ்வளவு மங்கல். அதனால் டீச்சரைப் பக்கத்தில் உட்காரவைத்து, தையல் வருகிற இடங்களை மட்டும் வாசித்துச் சொல்லச் சொன்னேன்.

அவ்வளவு தையல் வரும் என்று நான் நினைக்கவில்லை. 1932-லிருந்து 1943 வரை வரிசையாக வந்த கதைகள் அவை. வண்டி கட்டிக்கொண்டு புது நிலம் தேடிப் போகும் ஒரு குடும்பம், அதில் இரண்டாவது பெண் லாரா. அக்கா மேரி ஒன்பது துண்டுக் கட்டம் தைக்கிறாள். லாராவுக்கு ஏழெட்டு வயதில் கரடித்தடம் என்ற கட்டத்தைக் கொடுக்கிறார்கள். அது மேரியுடையதைவிடக் கஷ்டம் என்று புத்தகமே சொல்கிறது, காரணத்தையும் சொல்கிறது: துணியின் கிராஸில் மூட்டு வருகிறது. ஒரு மூட்டு சரியாக வந்தால்தான் அம்மா அடுத்ததற்கு விடுவாள். ஒரு சின்ன மூட்டிலேயே பல நாள் உட்கார்ந்திருக்கிறாள் அந்தப் பெண். இதைக் கேட்டதும் இந்த எழுத்தாளர் ஊசி பிடித்தவர் என்று எனக்கு உறுதியாகிவிட்டது. பாவு நூலும் ஊடை நூலும் நேராக ஓடும்போது துணி சொன்னபடி கேட்கும். மூலைக்கு மூலை வெட்டினால் அதே துணி ரப்பராகிவிடும். கழுத்துக்குப் பட்டி வைக்க நாங்கள் கிராஸில்தான் துணி வெட்டுகிறோம், வளைய வேண்டுமே. வளையக்கூடாத இடத்தில் கிராஸ் வந்தால் பெரியவர்களுக்கே பொறுமை போகும்.

இன்னொரு இடத்தில் வாய்விட்டுச் சிரித்தேன். பதினாலு வயதில் லாரா டவுனில் சட்டை தைக்கும் இடத்தில் வேலைக்குப் போகிறாள். நாளைக்கு 25 சென்ட் கூலி. அவளுக்குக் காஜா எடுப்பது அறவே பிடிக்காது. பிடிக்காததைச் சீக்கிரம் தொலைத்துவிட வேண்டும் என்றே வேகமாகப் பழகிக்கொண்டு, அதிலேயே கெட்டிக்காரி ஆகிவிடுகிறாள். டெய்லர் கடையில் காஜா பையனாகச் சேர்ந்து தொழில் கற்ற எத்தனை ஆண்களை எனக்குத் தெரியும்! எல்லாரும் இதே கதையைத்தான் சொல்வார்கள். கடைசிப் புத்தகங்களில் ஒன்றில் வீட்டுக்குத் தையல் மெஷின் வருகிறது. கல்யாணத்துக்குப் படுக்கை விரிப்பு தைக்கும்போது, நடு மூட்டை ஓரத்தின்மேல் ஓரம் வைத்து மெஷினில் தட்டையாக அடித்துவிடலாம் என்கிறாள் லாரா. பாட்டிமார் பார்த்தால் என்ன சொல்வார்களோ என்று யோசித்துவிட்டு அம்மாவும் சம்மதிக்கிறாள். கையால் தைத்தால்தான் அசல் போர்வை என்று என்னிடம் சொல்பவர்களுக்கு நான் இந்த இடத்தைச் சொல்வதுண்டு. லாராவே மெஷினில் தைத்தாள்.

ஆனால் கதையில் எல்லாமே எனக்கு உவப்பில்லை. கான்சாஸில் அவர்கள் வீடு கட்டிய இடம் ஓசேஜ் மக்களுக்கு உரிய நிலம். அந்த மக்களைப் பற்றிப் புத்தகத்தில் வரும் பேச்சு சில இடங்களில் காதுகொடுத்துக் கேட்கமுடியாதது. அமெரிக்க நூலகச் சங்கத்தின் சிறுவர் பிரிவு, லாராவின் பெயரில் கொடுத்துவந்த விருதின் பெயரை 2018-ல் மாற்றியது இதனால்தான். டீச்சர் இதையும் மறைக்காமல் வாசித்தார். 1862-ல் அமெரிக்காவில் போட்ட சட்டப்படி, ஐந்து வருஷம் குடியிருந்து பயிர்செய்தால் 160 ஏக்கர் சொந்தம். எங்கள் கடலூர் தேவனாம்பட்டினத்துக் கோட்டையை 1690-ல் ஆங்கிலக் கம்பெனி வாங்கியபோது, பீரங்கியைச் சுற்றிலும் சுட்டு, குண்டு போய் விழுந்த தூரம்வரை எங்களுடையது என்று எடுத்துக்கொண்டார்கள். குண்டு உப்பலவாடி என்று இன்றும் ஊர்ப்பெயர் இருக்கிறது. நிலம் பிடிக்கிற விதம் ஊருக்கு ஊர் வேறு, பிடிக்கப்பட்டவர்களுக்கு எல்லாம் ஒன்றுதான். டீச்சரின் பேத்திக்குத் தைத்த போர்வையில் வண்டியும் தொப்பியும் வரைந்த துணி எதுவும் வேண்டாம் என்று நாங்கள் முடிவுசெய்தது இதற்குப் பிறகுதான். கட்டங்களை மட்டும் எடுத்துக்கொண்டோம்.

அந்தக் கம்பெனி இங்கே வந்தது துணிக்காகத்தான். கடலூரிலிருந்தும் பரங்கிப்பேட்டையிலிருந்தும் கப்பல் கப்பலாகத் துணி போனது. சோழமண்டலக் கரையின் சாயவேர்ச் சிவப்பும் அவுரி நீலமும் ஐரோப்பாவில் அப்படி ஓடின. தாங்கமுடியாமல் 1721-ல் இங்கிலாந்தில் அச்சடித்த பருத்தியை உடுத்துவதற்கே தடை போட்டார்கள். பிறகு தாங்களே அந்த மாதிரி அச்சடிக்கப் பழகிக்கொண்டு, 1774-ல் தங்கள் ஊர்த் துணிக்குத் தடையை நீக்கிக்கொண்டார்கள். அங்கிருந்து அமெரிக்க ஆலைகளுக்குப் போன பூ அச்சுதான் லாராவின் பாவாடைக்கு வந்தது. அதே பூவை அமெரிக்காவில் இந்தக் கதைகளின் பெயரிலேயே அச்சடித்து இப்போது விற்கிறார்கள். டீச்சரின் பெண் அதில் கொஞ்சம் வாங்கி அனுப்பட்டுமா என்று கேட்டாள். நம் கரையிலிருந்து போன பூவுக்கு நாமே டாலரில் விலை கொடுப்பதா? வேண்டாம் என்றேன்.

அவள் அனுப்பிய மாதிரிப் படங்களில் வேறொரு சிக்கலும் இருந்தது. வெள்ளைத் தரையில் வெளிர் ரோஸ், வெளிர் பச்சை, இளமஞ்சள். பார்க்க அழகுதான், ஆனால் கதையின் காலத்து நிறம் இல்லை. கதை நடப்பது 1870, 80-களில். அந்தக் காலத்துப் போர்வைகள் பழுப்பு, செங்கல் சிவப்பு, கருநீலம். வெளிர்நிறங்கள் 1930-களின் பழக்கம். புத்தகங்கள் வெளிவந்த அந்தப் பஞ்சக் காலத்தில் அங்கே கோழித்தீவன மூட்டையும் மாவு மூட்டையும் பூப்போட்ட துணியில் வந்தன. மூட்டையைப் பிரித்துப் பெண்கள் சட்டையும் போர்வையும் தைத்தார்கள். எழுதிய காலத்தையும் கதை நடந்த காலத்தையும் குழப்பிக்கொண்டதால் இரண்டும் ஒன்றாகத் தெரிகிறது. நான் பழுப்புப் பக்கம் போனேன். அழுக்கும் சீக்கிரம் தெரியாது.

துணி சேர்த்த கதையைக் கொஞ்சம் விரிவாகவே சொல்லவேண்டும், ஏனென்றால் போர்வை அங்கேதான் உருவாகிறது. ஜாக்கெட் வெட்டியபின் மிஞ்சும் டூ பை டூ துண்டுகள் எந்தத் தையல்காரி வீட்டிலும் மூட்டையாகக் கிடக்கும். முதலில் ஒரு நூலை உருவிக் கொளுத்திப் பார்ப்பேன். காகிதம் எரிந்த வாசனையோடு சாம்பலானால் பருத்தி. உருண்டு கெட்டியாகி நின்றால் பாலியெஸ்டர் கலப்பு, அது தலையணைக்குள் போகட்டும். கலப்புத் துணியை நகத்தால் நீவினால் மடிப்பு நிற்காது. மடிப்பு நிற்காத துணியில் மூலை வராது. பிறகு சாயம். மெரூனும் கருநீலமும் மோசக்காரர்கள். ஈரவெள்ளைத் துணியில் வைத்து இஸ்திரிப் பெட்டியால் அழுத்தினால் யோக்கியதை தெரிந்துவிடும். கல்லுப்புத் தண்ணீரில் ஊறவைத்தால் சாயம் பிடித்துக்கொள்ளும் என்பார்கள். சாயப்பட்டறையில் உப்புக்கு வேலை உண்டு. வீட்டு வாளியில், ஏற்கெனவே சாயம் ஏறிய துணிக்கு அது எதுவும் செய்வதாக எனக்குத் தெரியவில்லை. தண்ணீர் தெளியும்வரை அலசுவதுதான் வழி.

கட்டம் போட்ட துணிக்கு நான் குறிஞ்சிப்பாடி கைலியை எடுத்தேன். நெய்த கட்டம் என்பதால் கோடு நூலோடு ஓடும், சாக்பீஸ் வேண்டாம், கட்டத்தைப் பார்த்தே கத்தரியை ஓட்டலாம். அச்சடித்த கட்டத்தில் இந்த நம்பிக்கை கிடையாது. அச்சு கோணலாக விழுந்திருந்தால் கோட்டை நம்புவதா நூலை நம்புவதா என்று தவிக்கவேண்டும். இன்னொரு நல்ல துணி, துவைத்துத் துவைத்து மெலிந்த பழைய வேட்டி. அதற்குமேல் சுருங்க அதில் ஒன்றும் மிச்சமில்லை.

பழம்புடவைகள் வாங்கும்போது எங்கள் பக்கத்தில் ஒரு தொல்லை உண்டு. பங்குனி, சித்திரையில் முந்திரித் தோப்புக்குப் போன புடவையில் பழச்சாறு பட்டிருக்கும். அந்தக் கறை எந்த சோப்புக்கும் போகாது. புடவையை வெளிச்சத்தில் பிடித்து, கறை இல்லாத இடமாகச் சதுரம் சதுரமாக எடுக்கவேண்டும். முந்தானைப் பக்கம் பெரும்பாலும் பிழைத்திருக்கும், இடுப்பில் சொருகியிருப்பார்களே. ஒருமுறை டீச்சர், கறையோடு ஒரு துண்டு இருந்தாலும் பரவாயில்லை என்றார். தானே புயல் 2011 டிசம்பர் 30-ம் தேதி கரையைக் கடந்தபோது அவர் வீட்டு முந்திரி மரமும் பலா மரமும் வேரோடு சாய்ந்தன. அந்த மரத்துப் பழத்தின் கறை அந்தப் புடவையில் இருக்கிறது. அந்தத் துண்டை ஓரத்தில் ஒரு கட்டத்தின் நடுவில் வைத்தேன். அமெரிக்காவில் அது பழுப்புப் பூ என்று நினைத்துக்கொள்வார்கள்.

ஒன்பது துண்டுக்கு மூன்றரை இஞ்ச் சதுரங்கள் வெட்டினால் தைத்தபின் மூன்று இஞ்ச் நிற்கும், கட்டம் ஒன்பது இஞ்ச். அழுத்தமான நிறம் ஐந்து, வெளிறியது நான்கு. அடுத்த கட்டத்தில் மாற்றி வைக்கலாம். மூட்டுத் துணியை இஸ்திரி போட்டு ஒரு வரிசையில் இடப்பக்கமும் அடுத்த வரிசையில் வலப்பக்கமும் சாய்த்துவிட்டால், வரிசைகளைச் சேர்க்கும்போது இரண்டு மேடும் ஒன்றோடொன்று கொக்கி போட்டதுபோல் சேரும். குண்டூசி இல்லாமலே மூலை பொருந்தும். ஜாக்கெட்டில் மூட்டை விரித்துத் தேய்ப்போம். இங்கே விரிக்கக்கூடாது.

கரடித்தடத்துக்கு முக்கோணங்கள் வேண்டும், ஒரு கட்டத்துக்கே 16 ஜோடி. லாரா தவித்தது இங்கேதான். இதற்கு இப்போது எல்லாரும் செய்யும் ஒரு தந்திரம் இருக்கிறது: முக்கோணமாக வெட்டித் தைக்காதே, தைத்துவிட்டு வெட்டு. மூன்று இஞ்ச் சதுரங்கள் இரண்டு, ஒன்று வெளிறியது, ஒன்று அழுத்தமானது, நல்ல பக்கம் நல்ல பக்கமாக வைத்து, மூலைக்கு மூலை கோடு போடவேண்டும். கோட்டுக்கு இந்தப் பக்கம் கால் இஞ்ச், அந்தப் பக்கம் கால் இஞ்ச் தள்ளி இரண்டு தையல். பிறகு கோட்டிலேயே வெட்டினால் இரண்டு ஜோடி கிடைக்கும். கிராஸ் ஓரம் கையில் படுவதற்கு முன்பே தையலுக்குள் போய்விடுகிறது. விரித்து இரண்டரை இஞ்சுக்குச் செதுக்கிக்கொள்ளவேண்டும். தேய்க்கும்போது பெட்டியை இழுக்காமல், வைத்து எடுக்கவேண்டும். இழுத்தால் இத்தனை சாமர்த்தியமும் வீண்.

கட்டம் முடிந்து தரையில் விரித்தபோது என்னிடம் வேலை பழகும் பெண்கள் ஒருத்திகூடக் கரடி என்று சொல்லவில்லை. நாய்க்கால் என்றாள் ஒருத்தி. கரடியை எங்கே பார்த்தார்கள்? அமெரிக்காவிலேயே சில ஊர்களில் இதற்குச் சேற்றில் வாத்துக்கால் என்று பெயராம்.

என் மாமியாருக்கு இந்த வேலையே பிடிக்கவில்லை. "நல்ல துணிய துண்டு துண்டா வெட்டிட்டு, அப்புறம் அதையே ஒட்டவைக்கிறதுக்குக் கூலி வேறயா?" என்றார். சும்மா சொல்லவில்லை. ஒட்டுப்போட்ட துணி எங்கள் பக்கம் வறுமையின் அடையாளம். விசேஷ வீட்டுக்கு அதைக் கட்டிக்கொண்டு போகமுடியாது. ஆனால் பிறந்த குழந்தையை முதலில் பழந்துணியில்தானே சுற்றுகிறோம்? தொட்டிலும் அம்மாவின் பழைய நூல்புடவைதான். அதைச் சொன்னேன். கொஞ்சம் இறங்கினார். வடலூர் சத்திய ஞான சபைக்குத் தைப்பூசம் தவறாமல் போகிறவர் அவர். ஏழு திரைகளில் கடைசித் திரை கலப்பு நிறம்தானே என்று அவரே பிறகு ஒருநாள் எடுத்துக் கொடுத்தார். அன்றிலிருந்து நூல் கோத்துத் தருகிறார்.

துணியை வெட்டி ஒட்டுவதே நமக்குப் புதிதுமல்ல. சிதம்பரத்தில் ஆனித் திருமஞ்சனத்துக்கும் மார்கழித் திருவாதிரைக்கும் ஐந்து தேர் ஓடுகிறது. அந்தத் தேர்களைப் போர்த்தும் சீலைகளையும் சுற்றித் தொங்கும் தொம்பைகளையும் நிமிர்ந்து பார்த்தவர்களுக்குத் தெரியும். சிவப்புத் தரைமேல் வெள்ளை, மஞ்சள், கறுப்பு, பச்சைத் துணியில் வெட்டிய யாளியும் அன்னமும் தாமரையும் பதித்துத் தைத்திருப்பார்கள். தஞ்சாவூர், கும்பகோணம் பக்கம் இதைத் தொழிலாகச் செய்கிறார்கள். அது துண்டோடு துண்டு சேர்ப்பதல்ல, தரைத்துணிமேல் உருவத்தை வைத்துத் தைப்பது. வேலை வேறு. நான் அதிலிருந்து எடுத்துக்கொண்டது நிறக்கணக்கு. கீழவீதி முனையில் நிற்பவனுக்கும் யாளி தெரியவேண்டும் என்றால் பக்கத்துப் பக்கத்து நிறங்கள் சண்டை போடவேண்டும். போர்வையில் கட்டம் எடுப்பாக இல்லாவிட்டால் நான் எழுந்து வாசற்படிவரை போய்த் திரும்பிப் பார்ப்பேன். அங்கிருந்து தெரியாத கட்டத்தைப் பிரித்துவிட வேண்டியதுதான்.

உள்ளே என்ன வைப்பது என்பது ஊரைப் பொறுத்தது. லாராவின் ஊரில் 1880-81 குளிர்காலத்தில் பனியில் ரயிலே மாதக்கணக்கில் வரவில்லை. நமக்கு மார்கழிக்கு இரண்டு மடிப்புப் பழவேட்டி தாராளம். வெளிநாட்டுக்குப் போகிறதென்றால் பிளானல் வைப்பேன். மூன்று அடுக்கையும் தரையில் விரித்து, நடுவிலிருந்து ஓரத்துக்குச் சேப்டி பின் குத்தி, கையால் ஓடுதையல் போடவேண்டும். ஓரத்திலிருந்து தொடங்கினால் நடுவில் துணி சேர்ந்து சுருக்கம் விழும்.

ஓடுதையலுக்கு வரும் பெண்கள் பெரும்பாலும் முந்திரிக்கொட்டை உடைக்கப் போகிறவர்கள். ஓட்டு எண்ணெய் பட்டு விரல்தோல் உரிந்திருக்கும் நாட்களில் ஊசி பிடிக்கவே முடியாது. அந்த நாட்களில் அவர்களை வெட்டவும் அடுக்கவும் வைத்துக்கொள்கிறேன். கூலியை ஆரம்பத்தில் கட்டத்துக்கு இவ்வளவு என்றுதான் பேசுவதாக இருந்தேன், மற்ற தையலுக்கெல்லாம் அதுதானே வழக்கம். டீச்சர்தான் வேண்டாம் என்றார். எண்ணிக்கைக்குக் காசு என்றால் கை ஓடும், அளவு தப்பும். லாராவுக்கும் நாள் கூலிதானே கொடுத்தார்கள் என்றார். அதனால் நாள் கூலி. விலை கேட்கும் உள்ளூர்க்காரர்கள் ஜமுக்காளத்தோடு ஒப்பிட்டுப் பார்த்துவிட்டுப் போய்விடுகிறார்கள், அதில் தப்பில்லை. தொட்டில் அளவுக்குச் சின்னதாகக் கேட்பவர்கள் மட்டும் வாங்குகிறார்கள், அதுவும் சொந்தப் புடவை கொண்டுவந்து கொடுத்து.

டீச்சரின் பேத்தி இப்போது கல்யாணப் புத்தகம்வரை வந்துவிட்டாள். லாரா சின்ன வயதில் தைத்து, கல்யாணமாகிப் போகும்போது கொண்டுபோகும் ஜன்னல்புறா என்ற கட்டம் வேண்டுமாம். முக்கோணம் அதிகம் உள்ள கட்டம். துணி வாங்கி அனுப்பாதே, உன் அம்மாவின் பழைய சுடிதார்களை அனுப்பு என்று சொல்லியிருக்கிறேன். பார்சல் வருவதற்குள் ஆடித் தள்ளுபடியில் வாங்கிக் குவித்திருக்கும் ஜாக்கெட் பிட்டுகளை முடித்தாகவேண்டும். அதிலும் பாதிக்கு லைனிங் வேறு.